தன்னைத் தெருப்பாடகன் என்றழைத்துக்கொண்ட பேராசிரியர்

நம் வட்டத்தின் மாதாந்தரக் கூட்டங்களில் பத்தாண்டுகளாக ஓயாத வழக்கு ஒன்று உண்டு. இளைய கவிஞர் ஒருவர் தம் படைப்பைப் படித்து முடிப்பார். அவையில் பாதிப்பேர் கைதட்டுவர். மீதிப்பேர், ‘இது கவிதையா, மேடைப் பேச்சா?’ என்று வினவுவர். தேநீர் வந்து ஆறிப் போகும். வழக்கு மட்டும் ஆறாது. பத்தாண்டு நிறைவு மலருக்கு நம் மண்ணின் கவிஞர் ஒருவரைப் பற்றி எழுதுமாறு மலர்க்குழுவினர் பணித்தபோது, இந்த வழக்கைத் தம் வாழ்க்கையாலேயே நடத்திக் காட்டிய ஒருவரைத் தேர்ந்துகொண்டேன். அவர் பெரியகுளம் தந்த பேராசிரியர், கவிஞர் மு. மேத்தா.

அவரைத் தனியே எடுத்துப் பேசினால் பொருள் முழுமை பெறாது. அவருக்கு முன்னே நடந்த போடி மண்ணின் கவிஞர் நா. காமராசனையும், எதிர்க்கரையில் நின்ற சின்னமனூரார் சி. சு. செல்லப்பாவையும் உடன்வைத்தே நோக்குதல் வேண்டும். மூவரும் நம் பள்ளத்தாக்கோடு உறவுடையவர்கள். தமிழ்ப் புதுக்கவிதையின் பெரும் வழக்கொன்றின் இரு தரப்பாரும் ஒரே ஆற்றுப்பாசனத்தில் வேர் கொண்டவர்கள் என்பதை நம்முள் பலர் எண்ணிப் பார்த்ததில்லை.

மதுரைச் சாலை

1996-ஆம் ஆண்டில் தேனி மாவட்டம் தனியே பிரியும்வரை நாம் மதுரை மாவட்டத்தாராகவே இருந்தோம். 1895-இல் கட்டி முடிக்கப்பட்ட முல்லைப் பெரியாறு அணையின் நீர் கம்பம் பள்ளத்தாக்கில் இறங்கி, வைகையோடு கலந்து மதுரைக்குச் செல்கிறது. நம் பிள்ளைகளின் கல்வியும் அதே வழியில்தான் சென்றது. போடியிலிருந்து ஏலக்காயும், பெரியகுளத்திலிருந்து மாம்பழமும் மதுரைச் சந்தைக்குப் போன சாலையிலேயே, தகரப்பெட்டியோடு மாணவர்களும் போனார்கள்.

அம்மாணவர்களுள் தமிழ் பயில விரும்பியோர்க்குப் பெரும்புகலிடமாய் விளங்கியது, 1949-இல் தொடங்கப்பெற்ற மதுரைத் தியாகராசர் கல்லூரி. ஔவை சு. துரைசாமிப் பிள்ளை, அ. கி. பரந்தாமனார், சி. இலக்குவனார் போன்ற பேராசிரியப் பெருமக்கள் பணியாற்றிய இடம் அது. சங்க இலக்கியத்தையும் யாப்பையும் வரிவரியாகக் கற்றுக்கொடுத்த அந்த வகுப்பறையிலிருந்து, யாப்பைத் துறந்த கவிஞர்கள் பலர் புறப்பட்டு வந்தது வியப்புக்குரியது. மதுரையில் பிறந்த அப்துல் ரகுமான், சிவகங்கையின் மீரா, போடியின் காமராசன் ஆகியோர் அங்கே பயின்றவர்கள். பயின்று முடித்தபின் அவர்களுள் பலர் மீண்டும் கல்லூரிக்கே தமிழ் கற்பிக்கச் சென்றனர். அப்துல் ரகுமான் வாணியம்பாடி இசுலாமியாக் கல்லூரியிலும், மீரா சிவகங்கை மன்னர் துரைசிங்கம் கல்லூரியிலும் பணியாற்றினர்.

வீட்டில் முதன்முதலாகக் கல்லூரி வாயிலை மிதித்த தலைமுறை ஒன்று 1960-களில் வளர்ந்து வந்தது. அதற்கு மிக எளிதாகக் கிட்டிய அறிவுப்பணி தமிழாசிரியப் பணியே. புதுக்கவிதையின் வரலாற்றை எழுதுவோர் இதழ்களைக் கணக்கெடுக்கின்றனர். இந்தத் தமிழ்த்துறைகளையும் கணக்கில் கொள்ளுதல் வேண்டும்.

மூத்தவர் முன்சென்ற வழி

நா. காமராசன் 1942-இல் போடிநாயக்கனூரை அடுத்த மீனாட்சிபுரத்தில் பிறந்தவர். 1965 சனவரியில் இந்தி எதிர்ப்புப் போராட்டம் மூண்டபோது மதுரை மாணவர்களின் முன்னணியில் நின்றார். ஆட்சிமொழி பற்றிய அரசியற்சட்டப் பகுதியை எரித்து, பின்னாளில் சட்டப்பேரவைத் தலைவரான கா. காளிமுத்துவோடு சிறை சென்றார். பிறகு நம் உத்தமபாளையத்தின் ஹாஜி கருத்த ராவுத்தர் ஹவுதியா கல்லூரியில் தமிழ் கற்பித்தார். 1956-இல் தோன்றிய அக்கல்லூரி, மதுரைக்குப் போக வசதியற்ற பள்ளத்தாக்குப் பிள்ளைகளுக்கு வாசலருகே வந்த பெருவாய்ப்பு என்பதை இம்மலரைப் படிக்கும் பலரும் தம் அனுபவத்தால் அறிவர்.

1971-இல் அவருடைய ‘கறுப்பு மலர்கள்’ வெளிவந்தது. மரபின் ஓசை மாறாமல், படிமத்தின் துணிவோடு வந்த நூல் அது. இன்று திருநங்கையர் என்று மதிப்போடு அழைக்கப்படுவோரைப் பற்றி, ‘காகிதப் பூக்கள்’ என்ற தலைப்பில் அவர்களுடைய குரலிலேயே பாடினார். அன்று அவர்களைக் குறிக்க மதிப்பான சொல்லொன்றும் வழக்கில் இல்லை. சொல் இல்லாத இடத்துக்குக் கவிதை முதலில் போய்ச் சேர்ந்தது.

ஆயினும் காமராசன் வகுப்பறையில் நிலைக்கவில்லை. 1975-இல் வெளிவந்த ‘பல்லாண்டு வாழ்க’ முதலிய படங்களின் வழியாகத் திரைப்பாடலும், கூடவே அரசியலும் அவரை அழைத்துக்கொண்டன. ‘சூரியகாந்தி’, ‘சகாராவைத் தாண்டாத ஒட்டகங்கள்’, ‘தாஜ்மகாலும் ரொட்டித் துண்டும்’ என நூல்கள் வந்துகொண்டேயிருந்தன. 2017 மே மாதத்தில் அவர் மறைந்தார். அடுத்த மாதம் இரண்டாம் நாளில் அப்துல் ரகுமானும் மறைந்தார். தியாகராசர் கல்லூரித் தமிழின் இரு பெருங்குரல்கள் இரு வார இடைவெளிக்குள் அடங்கின.

பெரியகுளத்தின் மேத்தா

காமராசனுக்கு மூன்றாண்டு இளையவர் மு. மேத்தா. 1945 செப்டம்பர் 5-ஆம் நாள் பெரியகுளத்தில் பிறந்தார். இயற்பெயர் முகமது மேத்தா.

1971-இல் கோவையில் ‘வானம்பாடி’ இதழ் தோன்றியது. விலையில்லாமல் கைக்குக் கை சென்ற கவிமடல் அது. சிற்பி, புவியரசு, ஞானி, முல்லை ஆதவன், அக்கினிபுத்திரன், தமிழ்நாடன் முதலியோர் அவ்வட்டத்தில் இணைந்திருந்தனர். மேத்தாவும் அதில் ஒருவரானார். இவர்களுள்ளும் பலர் தமிழ் கற்பித்தவர்கள். பாரதிதாசனிடமிருந்து சீற்றத்தையும், விட்மன், நெரூதா போன்றோரிடமிருந்து விரிந்த வாக்கியத்தையும் பெற்று, சமூகத்தை நோக்கிப் பாடுவதே கவிஞனின் கடன் என்று அவர்கள் கொண்டனர். 1973-இல் ‘வெளிச்சங்கள்’ என்ற தொகுப்பு வந்தது.

அதற்கடுத்த ஆண்டு, 1974-இல், மேத்தாவின் ‘கண்ணீர்ப் பூக்கள்’ வெளியாயிற்று. கவிஞருக்கு அப்போது முப்பது வயது நிரம்பவில்லை. பதிப்புக்குமேல் பதிப்பாக அந்நூல் விற்றது. கவிதை நூல் விற்காது என்று பதிப்பாளர் கைவிரித்த நாட்டில் இது சிறிய செய்தி அன்று. விடுதி அறைகளில் ஒரு படி பத்துக் கைகள் மாறியது. வாங்க இயலாதவர்கள் நோட்டுப் புத்தகத்தில் படியெடுத்தார்கள். படியெடுத்தவர்களில் நானும் ஒருவன். அதுவரை கவிதையென்றால் பொருளுரை வேண்டும், பதவுரை வேண்டும் என்று அஞ்சியிருந்த மாணவனுக்கு, ஒரு நூலைத் தானே திறந்து தானே புரிந்துகொள்ள முடிந்தது. அந்தத் தன்னம்பிக்கையே அவன் பிறகு கடினமான கவிதையை நோக்கிப் போகவும் துணிவு தந்தது. நம் வட்டத்தின் மூத்த உறுப்பினர் பலரும் இந்த வாயில்வழியே உள்ளே வந்தவர்கள்.

பின்னர் வந்த ‘ஊர்வலம்’ தமிழக அரசின் பரிசைப் பெற்றது. ‘சோழ நிலா’ என்ற வரலாற்று நாவல் ஆனந்த விகடன் நடத்திய போட்டியில் பரிசு பெற்றது. ‘நாயகம் ஒரு காவியம்’ என்ற நூலில் நபிகள் நாயகத்தின் வாழ்வைப் புதுக்கவிதையில் பாடினார். உமறுப் புலவரின் ‘சீறாப்புராணம்’ 5,027 விருத்தங்களால் ஆகியது. அந்நெடிய மரபின் பொருளை எடுத்துக்கொண்டு வடிவத்தை மாற்றத் துணிவதற்கு, மரபை நன்கறிந்த தமிழாசிரியரின் உறுதி வேண்டும். ‘ஆகாயத்துக்கு அடுத்த வீடு’ 2006-ஆம் ஆண்டுக்கான சாகித்திய அகாதெமி விருதைப் பெற்றது. 2024-இல் தமிழ்நாட்டரசு, பாடகியார் பி. சுசீலாவுக்கும் இவருக்கும் கலைஞர் நினைவு கலைத்துறை வித்தகர் விருது வழங்கிச் சிறப்பித்தது.

திரையுலகமும் மேத்தாவை அழைத்தது. 1987-இல் வந்த ‘வேலைக்காரன்’ படத்தின் பாடல்களை இவர் எழுத, பண்ணைப்புரத்து இளையராஜா இசையமைத்தார். பெரியகுளமும் பண்ணைப்புரமும் சென்னையில் ஓர் ஒலிப்பதிவுக் கூடத்தில் சந்தித்துக்கொண்டன. ஆனால் காமராசனைப்போல் இவர் விரிவுரை மேடையை விட்டு இறங்கவில்லை. சென்னை மாநிலக் கல்லூரியில் தமிழ்ப் பேராசிரியராக நெடுங்காலம் பணியாற்றினார். 1840-இல் தொடங்கிய அக்கல்லூரியில், 1903 முதல் உ. வே. சாமிநாதையர் தமிழ் கற்பித்தார் என்பதை நினைவுகூர்ந்தால், அத்தமிழ்த்துறையின் பழைமை விளங்கும். ஏட்டுச்சுவடியின் மௌனத்தைக் கலைத்தவர் நின்ற துறையில், நாற்சந்திப் பேச்சைக் கவிதையாக்கியவரும் நின்றார்.

தம்மை அவர் எவ்வாறு அழைத்துக்கொண்டார் என்பது இங்கே கருதத்தக்கது. காந்தியடிகளை நோக்கி அவர் பாடிய பெயர்பெற்ற கவிதையின் தலைப்பு ‘தேசப்பிதாவுக்கு ஒரு தெருப்பாடகனின் அஞ்சலி’. பின்னர் ஒரு நூலுக்கே ‘திருவிழாவில் ஒரு தெருப்பாடகன்’ என்று பெயரிட்டார். கல்லூரிப் பேராசிரியர் ஒருவர் தமக்குத் தெருப்பாடகன் என்று பெயர் சூட்டிக்கொள்வதை வெறும் அடக்கமாக நான் கொள்ளவில்லை. கவிதை யாரிடம் போய்ச் சேர வேண்டும் என்ற வினாவுக்கு அவர் தந்த விடை அது.

கவியரங்கம் என்ற பட்டறை

அந்த விடைக்கு ஒரு களம் இருந்தது. அதுவே கவியரங்கம். இன்றைய இளைய உறுப்பினர்க்காக அதன் இயல்பைச் சற்று விளக்குதல் தகும். தலைமைக் கவிஞர் அமர்ந்திருப்பார். ஒவ்வொருவரும் தலைவரையும் அவையையும் வணங்கிப் பாட்டைத் தொடங்குவர். மேடைக்கு முன்னே கல்லூரி மாணவரும் கடைவீதிக்காரரும் ஆலைத் தொழிலாளரும் கலந்திருப்பர். நல்ல அடி விழுந்தால் அவை ‘மீண்டும்’ என்று கேட்கும். கவிஞர் திரும்பச் சொல்வார்.

இவ்வழக்கம் கவிதையின் உடலையே மாற்றியது. செவியால் கேட்பவர் பின்னால் திரும்பிப் போய் ஒரு சொல்லை மறுமுறை பார்க்க இயலாது. ஆகவே சொல் எளிதாயிற்று. முரண் இணைகள் மிகுந்தன. ஓரடி திரும்பத் திரும்ப வந்து நினைவில் தங்கியது. இறுதியில் ஒரு திருப்பம் வந்து கைதட்டலை எழுப்பியது. மேத்தாவின் கவிதைகளில் செருப்பு போன்ற பொருள்கள் வாய்திறந்து பேசுவதும், சிறிய பொருள் பெரிய மனிதரை இடித்துரைப்பதும் இக்களத்தின் கொடை எனலாம். வகுப்பறையில் ஐம்பது மாணவரை ஒரு மணிநேரம் விழித்திருக்கச் செய்யக் கற்றவருக்கு, மேடையில் ஐந்நூறு பேரை ஈர்ப்பது கைவந்த கலையாயிற்று.

எதிர்க்கரைச் சின்னமனூர்

இனி மறுதரப்பைக் கேட்போம். சி. சு. செல்லப்பாவின் முதலெழுத்து நம் சின்னமனூரைக் குறிப்பது. 1912-இல் பிறந்து, வத்தலக்குண்டில் வளர்ந்த அவர், 1959 சனவரியில் ‘எழுத்து’ இதழைத் தொடங்கி 1970 வரை நடத்தினார். ந. பிச்சமூர்த்தி, பசுவய்யா, நகுலன், தருமு சிவராமு, சி. மணி, எஸ். வைதீஸ்வரன் ஆகியோரின் கவிதைகள் அதில் வந்தன. 1962-இல் ‘புதுக்குரல்கள்’ தொகுப்பு வெளியாயிற்று. தனிமனிதனின் அகத்தை நோக்கி, அமைதியாக, ஒருமுறைக்குப் பலமுறை படிக்கவேண்டிய கவிதை அவர்களுடையது. இம்மரபில் வந்த திறனாய்வாளர்கள் வானம்பாடிகளைக் கடுமையாகச் சாடினர். அனுபவம் குறைவு, ஆரவாரம் மிகுதி, கவிதைக்கு மாறாகப் பிரகடனம் என்பன அவர்களின் குற்றச்சாட்டுகள். இவ்விரு போக்குகளின் வரலாற்றை அறிய விரும்புவோர், 1978-இல் சாகித்திய அகாதெமி விருது பெற்ற வல்லிக்கண்ணனின் ‘புதுக்கவிதையின் தோற்றமும் வளர்ச்சியும்’ நூலிலிருந்து தொடங்கலாம்.

இங்கே ஒரு செய்தியை எடுத்துக்காட்ட விரும்புகிறேன். எழுத்துத் தரப்பிலும் பேராசிரியர்கள் இருந்தனர். நகுலனும் சி. மணியும் கல்லூரி ஆசிரியர்களே; ஆனால் அவர்கள் கற்பித்தது ஆங்கிலம். எலியட்டையும் பவுண்டையும் வகுப்பில் நடத்தியவரின் கவிதை ஒருவகையாகவும், புறநானூற்றையும் கம்பனையும் நடத்தியவரின் கவிதை வேறுவகையாகவும் அமைந்ததில் வியப்பில்லை. புதுக்கவிதைப் போர் என்று நாம் பெயரிட்டது, ஓரளவேனும், ஒரே கல்லூரி நடையின் இரு முனைகளில் இருந்த இரு துறைகளின் வேறுபாடே என்பது என் கருத்து.

இன்னொன்றும் உண்டு. எழுத்துப் பிரசுர நூல்களை மூட்டையாகத் தோளில் சுமந்து, கல்லூரி கல்லூரியாகச் சென்று ஆசிரியரிடமும் மாணவரிடமும் விற்றவர் செல்லப்பா. மேடையை நம்பாத அவரும் தம் நூலுக்குரிய வாசகரைத் தேடி அதே கல்லூரி வாசலுக்குத்தான் வந்தார். 1998-இல் அவர் மறைந்தபின், ‘சுதந்திர தாகம்’ நாவலுக்காக 2001-ஆம் ஆண்டு சாகித்திய அகாதெமி விருது அவரைத் தேடி வந்தது. வானம்பாடியாகப் பாடிய மேத்தாவுக்கு ஐந்தாண்டு கழித்து அதே விருது. நம் பள்ளத்தாக்கின் இரு தரப்பாரையும் ஒரே அவை ஏற்றுக்கொண்டது.

தீர்ப்பன்று, என் சாட்சியம்

மேத்தாவின் மீது சொல்லப்படும் குறையை மறைக்க இம்மலர் இடமாகாது. அவருடைய கவிதைகளுள் மேடையின் வெளிச்சம் அணைந்ததும் மங்கிப்போகும் பகுதிகள் உண்டு. திருப்பத்துக்காகவே கட்டப்பட்ட இறுதியடி, இரண்டாம் வாசிப்பில் தன் அதிர்ச்சியை இழந்துவிடும். அதைவிடப் பெரிய தீங்கு, அவரைப் பின்பற்றியோரால் நேர்ந்தது. யாப்பைக் கற்று, அதன்பின் அதைத் துறந்தவர் மேத்தா. யாப்பையே அறியாமல் அவருடைய நடையை மட்டும் எடுத்துக்கொண்டவர்கள், வரியை மடித்துப்போட்டால் கவிதையாகிவிடும் என்று எண்ணினர். 1980-களில் வெளிவந்த எத்தனையோ சிறு தொகுப்புகள் இதற்குச் சான்று. என் முதல் தொகுப்பும் அவற்றுள் ஒன்று என்பதை ஒப்புக்கொள்வதே நேர்மை.

எனினும் கணக்கின் மறுபக்கத்தையும் பார்த்தல் வேண்டும். கவிதை தனக்கானதல்ல என்று ஒதுங்கியிருந்த ஒரு தலைமுறையின் கையில் அவர் புத்தகத்தைக் கொடுத்தார். வேலையின்மையும் வறுமையும் காந்தியின் பெயரால் நடக்கும் பொய்மையும் கவிதைக்குரிய பொருள்களே என்று பாமரரும் கேட்கச் சொன்னார். ஆசிரியர் செய்யவேண்டிய பணியும் இதுவன்றோ? மாணவனைப் பாடத்தின் வாசல்வரை அழைத்துவருவது முதல் கடமை. வாசலையே வீடென்று எண்ணி அங்கேயே தங்கிவிட்டால், அது அழைத்துவந்தவர் குற்றமாகாது.

செல்லப்பா நமக்குக் காட்டியது உள்ளறை. அங்கே விளக்கு சிறிது, பார்வை கூர்மை. ஆனால் உள்ளறைக்குச் செல்லும் வழியைப் பலருக்கும் காட்ட ஒருவர் தெருவில் நின்று பாடவேண்டியிருந்தது. போடியிலிருந்து வந்தவர் அப்பணியைத் தொடங்கினார்; பெரியகுளத்தார் தம் பணிக்காலம் முழுதும் அதைக் கைவிடாமல் செய்தார்.

வட்டத்தார்க்கு ஒரு விண்ணப்பம்

அடுத்த பத்தாண்டுக்கு நம் வட்டம் ஒரு பணியை மேற்கொள்ளுமாறு வேண்டுகிறேன். ‘கறுப்பு மலர்கள்’, ‘கண்ணீர்ப் பூக்கள்’, ‘புதுக்குரல்கள்’ ஆகிய மூன்றையும் ஒரே மாதத்தில் ஒரே அவையில் வைத்துப் படிப்போம். ஒவ்வொரு கவிதையையும் முதலில் உரக்கப் படிப்போம். பின்னர் அமைதியாகக் கண்ணால் படிப்போம். இரு சோதனையிலும் நிற்பது எது, ஒன்றில் மட்டும் நிற்பது எது என்று நாமே காண்போம். காமராசனின் கவிதையில் அமைதியான வாசிப்பில் மட்டுமே துலங்கும் படிமங்கள் சில உள்ளன. எழுத்துக் கவிஞர்களிடம் உரக்கப் படித்தால் மட்டுமே எழும் ஓசை சில உள்ளது. இதை என் வாசிப்பில் கண்டேன். உங்கள் வாசிப்பு வேறு சொல்லக்கூடும்.

உத்தமபாளையத்திலும் தேனியிலும் போடியிலும் இன்று தமிழ் கற்பிக்கும் இளைய ஆசிரியர்களுள் கவிஞர் பலர் உள்ளனர். ‘பாடம் நடத்துவதால் கவிதை கெடுகிறதா?’ என்று அவர்களுள் ஒருவர் சென்ற கூட்டத்தில் என்னைக் கேட்டார். அன்று விடை கூற நேரமில்லை. இக்கட்டுரையே அவருக்கு நான் கூற விரும்பும் விடை. பாடம் கெடுப்பதில்லை, தம்பி. கைதட்டலும் கெடுப்பதில்லை. கைதட்டல் ஓய்ந்து, வீடு திரும்பி, அக்கவிதையைத் தனியே மறுபடி எடுத்துப் பார்க்காமல் விட்டுவிடுவதுதான் கெடுக்கிறது. அடுத்த கூட்டத்துக்கு வரும்போது உங்கள் கவிதையை அவ்வாறு ஒருமுறை பார்த்துவிட்டுக் கொண்டுவாருங்கள். அவையின் இரு பாதியும் காத்திருக்கிறது.